பேஸ்மென்டுக்குள் கழிவுநீர் ஏறியபோது நான் பட்டதும் படித்ததும்

எங்கள் தெருவில் அன்று வெள்ளம் நிற்கவே இல்லை. ரோட்டோரக் கானில் தண்ணீர் வேகமாக ஓடியது, அவ்வளவுதான். பேஸ்மென்டுக்குள் தண்ணீர் வந்தது யன்னலாலும் அல்ல, பின் கதவாலும் அல்ல. உடுப்புத் தோய்க்கிற மெஷினுக்குப் பக்கத்தில், சீமெந்துத் தரையில் இருக்கிற வடிகால் ஓட்டையால் மேல்நோக்கி வந்தது. கீழ்க் குளியலறைக் கொமோட்டாலும் வந்தது. மழைத் தண்ணீர் மட்டும் என்றால் அள்ளி ஊற்றிவிட்டுத் துடைத்திருப்பேன். வந்தது தெரு முழுவதினுடைய கழிவுநீர்.

2024 ஜூலை 16, செவ்வாய்க்கிழமை. ரொறொன்ரோவின் பியர்சன் விமான நிலையத்தில் அன்று 97.8 மில்லிமீட்டர் மழை பதிவானது. ஜூலை மாதம் முழுவதும் வழக்கமாகப் பெய்கிற மழையைவிட அது அதிகம், அதில் பெரும்பகுதி காலைக்கும் மதியத்துக்கும் இடையில் சில மணி நேரத்தில் கொட்டியது. டொன் வலி பார்க்வே நெடுஞ்சாலையில் கார்கள் தண்ணீருக்குள் நின்றதையும் யூனியன் ரயில் நிலையத்துக்குள் தண்ணீர் பாய்ந்ததையும் நீங்களும் செய்தியில் பார்த்திருப்பீர்கள். அந்த வெள்ளத்தால் காப்புறுதி செய்யப்பட்ட சொத்துகளுக்கு ஏற்பட்ட சேதம் மட்டும் 94 கோடி டொலரைத் தாண்டியது என்று பிறகு சொன்னார்கள். இவ்வளவு தண்ணீரும் கொஞ்ச நேரத்துக்குள் நிலத்துக்கடிக் குழாய்களுக்குள் போனால் குழாய் நிரம்பிவிடும். நிரம்பிய குழாய்க்குள் இருக்கிற தண்ணீர் வீட்டுக் குழாய் வழியாகத் திரும்பி வரும். வீட்டில் எந்த வாய் எல்லாவற்றிலும் தாழ்வாக இருக்கிறதோ அதால்தான் முதலில் வெளியே வரும். அது பேஸ்மென்ட் தரை ஓட்டைதான். தெருவில் வெள்ளம் நிற்காத வீட்டுக்கும் இது வரலாம்.

நாங்கள் இருப்பது ரொறொன்ரோவின் மேற்குப் பகுதியான எற்றோபிக்கோவில், 1950களில் கட்டிய ஒரு பங்களோ, அதாவது பேஸ்மென்டுக்கு மேல் ஒரே தளம் உள்ள வீடு. என் கணவர் மாமியைப் பார்க்க யாழ்ப்பாணம் போயிருந்தார். மகள் ஹலிஃபாக்ஸில் படிக்கிறாள். நான் முதியோர் இல்லத்தில் இரவு வேலை முடித்து வந்து படுத்திருந்தேன். வீடு வாங்கிய நேரம் சொந்தக்காரர் எல்லோரும் வந்து பார்த்தார்கள், பால் காய்ச்சினோம், பேஸ்மென்ட் நல்ல வசதி, ஒரு குசினியும் போடலாம் என்று சொன்னார்கள். அதற்குள் கழிவுநீர் வந்தால் முதல் மணித்தியாலத்தில் என்ன செய்ய வேண்டும் என்று ஒருவரும் சொன்னதில்லை. அந்த நாட்களில் யாராவது ஒரு தமிழ் ஆள் எனக்கு இதையெல்லாம் சொல்லியிருக்கக் கூடாதா என்று பலமுறை நினைத்தேன். அதனால்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

மின்விசிறி நின்றதில்தான் முழிப்பு வந்தது. அன்று ரொறொன்ரோவில் ஒரு லட்சத்து அறுபதாயிரத்துக்கும் மேற்பட்ட வாடிக்கையாளர்களுக்குக் கரண்ட் போனது. கீழே என்னவோ குமுறுகிற மாதிரிச் சத்தம். படிக்கட்டின் மேல் நின்று டோர்ச் அடித்தேன். கடைசிப் படி தெரியவில்லை. கறுப்புத் தண்ணீரில் சப்பாத்து ஒன்றும் பிளாஸ்டிக் கூடை ஒன்றும் மிதந்தன. மணம் மேலே ஏறிவிட்டது. கீழே ஃப்ரீசர், அலுமாரி, ட்ரங்குப் பெட்டி எல்லாம் இருக்கின்றன, ஓடிப்போய் எதையாவது தூக்க வேண்டும் என்றுதான் மனம் அடித்தது. அந்த நேரம் பக்கத்து வீட்டு இத்தாலிக்காரப் பெரியவர் கதவைத் தட்டினார். 2013 ஜூலை 8 ஆம் தேதி பியர்சனில் 126 மில்லிமீட்டர் பெய்தபோது அவர் வீட்டிலும் இதே மாதிரி வந்ததாம். அவர் சொன்னது இரண்டே விஷயம். கீழே இறங்காதே. மேலே தண்ணீர் திறக்காதே, டொய்லெட் ஃப்ளஷ் பண்ணாதே.

இரண்டும் உயிர் காக்கிற புத்தி. எங்கள் வீட்டில் மின்சார பிரேக்கர் பெட்டி பேஸ்மென்டில்தான் இருக்கிறது, உங்கள் வீட்டிலும் அநேகமாக அங்கேதான் இருக்கும். கரண்ட் இல்லைத்தானே என்று தண்ணீருக்குள் இறங்கினால், எந்த நிமிடமும் கரண்ட் திரும்பி வரலாம். தண்ணீர் சுவர் பிளக் வரையோ, ஏதாவது இயந்திரத்தின் மோட்டர் வரையோ ஏறியிருந்தால் அந்தத் தண்ணீருக்குள் கால் வைக்கவே கூடாது. மின்சாரம் தருகிற நிறுவனத்துக்கு அழைத்து, வெளியிலிருந்தே இணைப்பைத் துண்டிக்கச் சொல்லுங்கள். நான் அதைத்தான் செய்தேன், வரப் பிந்தியது, ஆனால் வந்தார்கள். திரும்பக் கொடுப்பதற்கு உரிமம் உள்ள எலெக்ட்ரீஷியன் பார்த்து, மின்பாதுகாப்பு அதிகாரசபையின் பரிசோதனையும் முடிய வேண்டும். அதற்கு நாள் எடுக்கும், மனதைத் தயார் பண்ணிக்கொள்ளுங்கள். மற்றது, வெளிக் குழாய் நிரம்பியிருக்கும்போது மேல்மாடியில் நீங்கள் திறக்கிற ஒவ்வொரு வாளித் தண்ணீரும் வெளியே போக வழியில்லாமல் உங்கள் பேஸ்மென்டுக்குள்தான் இறங்கும்.

பின்னேரம் மழை விட்ட பிறகு தண்ணீர் வந்த ஓட்டையாலேயே தானாக இறங்கியது. சுவரில் பதினொரு அங்குல உயரத்தில் ஒரு கறுப்புக் கோடு, தரையெல்லாம் சேறும் சொல்ல முடியாத அழுக்கும். படியில் இருந்து அழுதேன். இங்கே பின்னேரம் நாலரை என்றால் யாழ்ப்பாணத்தில் விடியப்புறம் இரண்டு மணி, இவரை எழுப்ப மனம் வரவில்லை. எழுப்பினாலும் அங்கிருந்து என்ன செய்வார். இங்கே ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் வீட்டில் தண்ணீர் தானாக வடிந்தது. உங்கள் வீட்டில் இடுப்பளவு நின்றால் ஒரேயடியாகப் பம்ப் வைத்து இறைக்காதீர்கள். வெளியே மண் முழுக்க ஈரத்தில் ஊறியிருக்கும், உள்ளே தண்ணீர் சட்டென்று குறைந்தால் வெளி அழுத்தத்தில் அத்திவாரச் சுவர் உள்ளே சரியலாம். ஒரு நாளைக்கு மூன்றில் ஒரு பங்கு என்ற கணக்கில்தான் இறைக்கச் சொல்கிறார்கள்.

எதையும் தொட முதல் ஃபோனில் வீடியோ எடுத்தேன். ஒவ்வொரு மூலையும், சுவர்க் கோடு தெரியும்படி, பக்கத்தில் அளவு நாடா பிடித்து. வீட்டைச் சூடாக்கும் ஃபர்னஸ், ஹொட் வோட்டர் டாங்க், ஃப்ரீசர், தோய்க்கும் மெஷின் ஒவ்வொன்றின் மொடல் இலக்கமும் சீரியல் இலக்கமும். ஃப்ரீசருக்குள் இருந்த மீன், நண்டு, ஆட்டிறைச்சி, ஊரிலிருந்து வந்த மிளகாய்த்தூள் எல்லாவற்றையும் திறந்து காட்டி எடுத்தேன். அழுதுகொண்டு எடுத்த அந்த வீடியோதான் பிறகு எனக்குக் காசு வாங்கித் தந்தது. கம்பளத்தில் ஓர் உள்ளங்கை அளவு துண்டையும் வெட்டி, இரண்டு பைக்குள் கட்டி வெளியே வைத்தேன், தரத்தைப் பார்த்து விலை போடுவதற்கு. பிறகு நகரசபையின் தொலைபேசி இலக்கமான 311க்கு அழைத்துப் பதிவு செய்து, அவர்கள் தந்த இலக்கத்தை எழுதி வைத்தேன்.

அடுத்தது காப்புறுதி. அழைத்ததும் கேட்ட முதல் கேள்வி, தண்ணீர் எங்கிருந்து வந்தது? இந்தக் கேள்வியில்தான் எல்லாமே இருக்கிறது. கழிவுக் குழாய் திரும்பி வருவது ஒரு வகை. தெருவிலிருந்தோ ஆற்றிலிருந்தோ நிலத்தின் மேலால் வந்து யன்னலால் இறங்குவது இன்னொரு வகை. அத்திவார வெடிப்பால் கசிந்து வருவது மூன்றாவது வகை. கனடாவில் சாதாரண வீட்டுக் காப்புறுதியில் முதல் இரண்டும் தானாக வராது, தனித்தனியாகக் காசு கட்டிச் சேர்க்க வேண்டும். நிலத்தின் மேலால் வரும் வெள்ளத்துக்கான காப்புறுதி இங்கே வீடுகளுக்குக் கிடைக்கத் தொடங்கியதே 2015இல்தான். மெல்லக் கசிந்து வருவதற்கு அநேகமாக ஒன்றும் கிடைக்காது. எங்கள் தெருவின் தாழ்ந்த முனையில் இருக்கும் ஒரு குடும்பத்துக்குத் தரை ஓட்டையாலும் யன்னலாலும் வந்தது, அவர்களிடம் கழிவுக் குழாய்ச் சேர்ப்பு மட்டும்தான் இருந்தது, எந்தத் தண்ணீர் எவ்வளவு சேதம் செய்தது என்று மாதக்கணக்கில் வாதாடினார்கள். அதனால் கண்ணால் கண்டதை மட்டும் சொல்லுங்கள். "மழை வெள்ளம் வந்துவிட்டது" என்று பொதுவாகச் சொல்லாதீர்கள், ஊகமும் சொல்லாதீர்கள். நான் "தரை வடிகாலால் மேலே வந்ததைப் பார்த்தேன், யன்னல் காய்ந்திருக்கிறது, வீடியோ இருக்கிறது" என்று சொன்னேன்.

என்னுடைய பத்திரத்தில் அந்தச் சேர்ப்பு இருந்தது. ஆனால் உச்ச வரம்பு 15,000 டொலர், முதலில் நான் ஏற்க வேண்டிய பங்கு 2,500 டொலர். வீட்டின் பெறுமதிக்கு முழுக் காப்புறுதி இருக்கிறது என்று நினைத்திருந்தவளுக்கு அந்த இலக்கத்தைக் கேட்டதும் வயிறு எரிந்தது. இதை வாசிக்கிறவர்கள் இன்றைக்கே உங்கள் பத்திரத்தை எடுத்து அந்த ஒரு வரியைத் தேடுங்கள். கழிவுநீர் திரும்பி வருவதற்கு எவ்வளவு வரம்பு என்று தனியாகத்தான் போட்டிருக்கும். பேஸ்மென்டில் ஆட்களை வாடகைக்கு வைத்திருக்கிறவர்கள் இன்னொன்றும் கவனியுங்கள்: வாடகைக்கு இருப்பவர்களின் சாமான்களுக்கு உங்கள் காப்புறுதி காசு கொடுக்காது. நாட்டுக்குப் புதிதாக வந்த எத்தனையோ பிள்ளைகள் எங்கள் ஆட்களின் பேஸ்மென்ட்களில்தான் இருக்கிறார்கள். வாடகையாளர் காப்புறுதி என்று தனியாக ஒன்று இருப்பதை அவர்களுக்குச் சொல்லிவிடுங்கள்.

மறுநாளே துப்புரவு நிறுவனக்காரர் கதவைத் தட்டத் தொடங்கிவிட்டார்கள். ஒருவர் போக ஒருவர். உடனே செய்யாவிட்டால் பூஞ்சணம் பிடித்துவிடும், இங்கே கையெழுத்துப் போடுங்கள், காப்புறுதியோடு நாங்களே கதைக்கிறோம் என்பார்கள். பூஞ்சணம் பற்றி அவர்கள் சொல்வது உண்மைதான், 24 முதல் 48 மணித்தியாலத்துக்குள் அது தொடங்கிவிடும். அந்தப் பயத்திலும் நித்திரையில்லாத களைப்பிலும்தான் கையெழுத்து வாங்குகிறார்கள். நான் கடதாசியைப் படம் எடுத்து மகளுக்கு அனுப்பினேன். அவள் ஆறுதலாக வாசித்துவிட்டு இரண்டு வரியைக் காட்டினாள். ஒன்று, காப்புறுதிக் காசை நிறுவனம் நேரடியாகப் பெற்றுக்கொள்ளலாம் என்பது. மற்றது, காப்புறுதி கொடுக்காத மிச்சம் முழுவதையும் வீட்டுக்காரர் கட்ட வேண்டும் என்பது. திருத்திக் கட்டுகிற வேலையும் அதற்குள்ளேயே அடங்கியிருந்தது. அவசரத் துப்புரவுக்கு மட்டும், விலைப்பட்டியலோடு தனிக் கடதாசி தந்தால்தான் கையெழுத்து என்று சொன்னேன். முணுமுணுத்துவிட்டுத் தந்தார்கள். ஒன்ராறியோ மாகாணத்தில் வீட்டு வாசலில் வந்து எழுதுகிற ஒப்பந்தத்தைப் பத்து நாளுக்குள் காரணம் சொல்லாமல் ரத்துச் செய்யும் உரிமை உங்களுக்கு இருக்கிறது என்பதும் தெரிந்திருக்கட்டும்.

இதில் மிகப் பெரிய விஷயம், அவசரத் துப்புரவின் பில்லும் அதே 15,000த்துக்குள்தான் போகிறது. நிறுவனம் வைக்கிற ஒவ்வொரு விசிறிக்கும், ஈரம் உறிஞ்சும் மெஷினுக்கும், காற்று வடிகட்டிக்கும் நாள் வாடகை. சும்மா சுற்றுகிற விசிறி உங்கள் சுவர் கட்டுகிற காசைத் தின்கிறது. நான் ஒரு கடதாசியைச் சுவரில் ஒட்டி, எந்த மெஷின் எந்தத் தேதி வந்தது, எப்போது எடுத்தார்கள் என்று எழுதி, வந்தவரிடமே சுருக்கக் கையெழுத்து வாங்கினேன். பில் வந்தபோது மெஷின்களை எடுத்த பிறகும் நாள் கணக்குப் போட்டிருந்தார்கள். அந்தக் கடதாசியைக் காட்டினேன், 900 டொலருக்கு மேல் குறைத்தார்கள். அப்படியும் கடைசி பில் 7,400.

மிச்சத் துப்புரவை நானே செய்தேன். முதியோர் இல்லத்தில் தொற்று வந்த அறையைத் துப்புரவாக்கும் ஒழுங்கு எனக்கு வேலையால் தெரியும், இங்கேயும் அதேதான். முதலில் அழுக்கைக் கையால் எடுக்க வேண்டும். பிறகு சவர்க்காரத் தண்ணீரால் தேய்த்துக் கழுவ வேண்டும். அதற்குப் பிறகுதான் கிருமிநாசினி. எங்கள் ஆட்கள் பலர் நேரே ப்ளீச்சை ஊற்றிவிட்டு வேலை முடிந்தது என்று நினைக்கிறார்கள். அழுக்கின் மேல் ஊற்றிய ப்ளீச் அந்த அழுக்கோடேயே செலவாகிவிடும், கிருமியைக் கொல்லாது. ப்ளீச்சோடு டொய்லெட் கழுவும் அமிலத்தையோ அமோனியா உள்ள எதையுமோ சேர்த்தால் நச்சு வாயு வரும், மூடிய பேஸ்மென்டில் அது ஆளை விழுத்திவிடும். முழங்கால் வரை றப்பர் பூட்ஸ், தடித்த கையுறை, கண்ணாடி, என்95 முகக்கவசம். ஏர்ப்பு (டெட்டனஸ்) ஊசி போட்டுப் பத்து வருடம் கடந்திருந்தால் வேலை தொடங்க முதல் போட்டுக்கொள்ளுங்கள், சேற்றுக்குள் எந்த ஆணி எங்கே கிடக்கிறது என்று தெரியாது.

எதை எறிவது, எதை வைத்திருப்பது என்பதில் மனதைக் கல்லாக்க வேண்டும். கழிவுநீர் பட்டு, உள்ளே உறிஞ்சிக்கொண்ட எதையும் வைத்திருக்க முடியாது. கம்பளம், அதன் அடிப் பஞ்சு, மெத்தை, சோஃபா, அமுக்கு மரத்தூள் பலகையால் செய்த அலுமாரி, அரிசி மூட்டை, ஜிப்சம் பலகையால் ஆன ட்ரைவோல் சுவர், அதற்குள் இருக்கும் பஞ்சு எல்லாம் போக வேண்டும். கண்ணாடி, எவர்சில்வர், பித்தளைக் குத்துவிளக்கு, கெட்டி பிளாஸ்டிக் எல்லாம் கழுவி எடுக்கலாம். காப்புறுதிக்காகச் சேதத்தை மதிப்பிடும் அட்ஜஸ்டர் வந்து பார்க்கும் வரை எறிந்தவற்றின் பட்டியலும் படமும் இருக்க வேண்டும். மணம் தாங்காமல் உடனே வெளியே எடுத்தாலும் பரவாயில்லை, ஆனால் படம் இல்லாமல் ஒன்றும் வீட்டு வாசலைத் தாண்டக் கூடாது. ஃப்ரீசர் இறைச்சியை எறியும்போது பல பைக்குள் கட்டி, குப்பை வண்டி வரும் நாள் காலைதான் வெளியே வையுங்கள். ஜூலை வெக்கையில் அந்த மணம் தெருவுக்கே போகும். உடைத்த ட்ரைவோலை வழமையான குப்பையோடு எடுக்க மாட்டார்கள். அதற்குத் தனியாகப் பெரிய குப்பைத் தொட்டி வாடகைக்கு எடுத்தேன், 520 டொலர்.

ட்ரங்குப் பெட்டியைப் பற்றி எழுத இப்போதும் கை நடுங்குகிறது. அதற்குள் அப்பா 90களில் யாழ்ப்பாணத்திலிருந்து எழுதிய கடிதங்கள், எங்கள் கல்யாண அல்பம், என் கூறைச்சேலை. பெட்டி தகரம் என்றாலும் மூடி இறுக்கமில்லை, அடிப்பக்கம் முழுக்கத் தண்ணீர் போய்விட்டது. கடிதங்களும் படங்களும் ஒன்றோடு ஒன்று ஒட்டத் தொடங்கியிருந்தன. என்னோடு வேலை செய்கிற ஓர் அக்கா ஃபோனில் சொன்னா, பிரிக்காதே, இழுக்காதே, அப்படியே குளிரில் உறைய வை என்று. அவவின் மகள் ஆவணக் காப்பகம் ஒன்றில் வேலை. நனைந்த காகிதத்தையும் படத்தையும் உறைய வைத்தால் பூஞ்சணமும் ஒட்டுவதும் அதோடு நிற்கும், நேரம் கிடைக்கும்போது கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துப் பார்க்கலாம். மேல்மாடி ஃப்ரிட்ஜில் கரண்ட் இல்லை, அதனால் எல்லாவற்றையும் சுத்தத் தண்ணீரில் மெதுவாக அலசி, சின்னச் சின்னக் கட்டாகப் பைக்குள் போட்டு, அக்கா வீட்டு ஃப்ரீசருக்குக் கொண்டுபோனேன். குளிர்காலம் முழுக்க அவற்றைக் கட்டுக் கட்டாக எடுத்து, இளக விட்டு, வெள்ளைத் துணியில் பரப்பிக் காய வைத்து, ஃபோனில் படம் எடுத்தேன். படங்களில் பாதிக்கு மேல் தப்பின. அப்பாவின் கடிதங்களில் போல்பொயின்ட் பேனாவால் எழுதியவை வாசிக்கலாம், மை ஊற்றுப் பேனாவால் எழுதியவை கரைந்துவிட்டன. கூறைச்சேலையின் சரிகை கறுத்துப்போனது, ட்ரைகிளீன் செய்தும் திரும்பவில்லை. காப்புறுதி அதற்கு ஒரு விலை போட்டது. அந்தக் காசை வாங்கும்போது நான் இன்னொருமுறை அழுதேன். தயவு செய்து உங்கள் அல்பங்களையும் பத்திரங்களையும் இந்தக் கிழமையே மேல்மாடிக்கு ஏற்றுங்கள்.

இனி காய வைப்பது. துப்புரவு செய்வதைவிட இதுதான் முக்கியம், இதில்தான் எல்லோரும் அவசரப்படுகிறார்கள். ட்ரைவோல் விளக்குத் திரி மாதிரித் தண்ணீரை மேலே இழுக்கும், அதனால் கோடு இருக்கும் உயரத்தோடு வெட்டினால் போதாது, குறைந்தது ஓர் அடியாவது மேலே வெட்ட வேண்டும். எங்கள் வீட்டில் நான்கு அடிக்கு வெட்டச் சொன்னேன். ட்ரைவோல் பலகை நான்கு அடி அகலம், கிடையாக வைத்துப் பூட்டினால் திரும்பப் போடுவது லேசு, கூலியும் குறைவு. வெட்டிய பிறகு உள்ளே நிற்கும் மரச் சட்டங்கள் காய வேண்டும். கையால் தொட்டுப் பார்த்தால் காய்ந்த மாதிரித்தான் இருக்கும். நான் 45 டொலருக்கு ஈரம் அளக்கும் கருவி ஒன்று வாங்கினேன். நிறுவனக்காரர் எல்லாம் காய்ந்துவிட்டது, மூடலாம் என்று சொன்ன நாளில் வடக்குச் சுவர்ச் சட்டத்தில் அது 22 வீதம் காட்டியது. 15 வீதத்துக்குக் கீழே இறங்கினால்தான் மூடுவேன் என்று நின்றேன். அன்றைக்கே மூடியிருந்தால் அடுத்த வருடம் அந்தச் சுவரைப் பூஞ்சணத்தோடு திரும்ப உடைத்திருப்பார்கள்.

இன்னொன்று, யன்னலைத் திறந்து காற்று விட்டால் கெதியாகக் காயும் என்று எல்லோரும் சொல்வார்கள். இங்கே ஜூலை மாதத்துக் காற்றே ஈரமானது. அந்தச் சூட்டுக் காற்று குளிர்ந்த சீமெந்தில் பட்டதும் வியர்த்துத் திரும்ப ஈரமாகும். துப்புரவு செய்கிற நேரம் மணம் போகத் திறக்கலாம். காய வைக்கத் தொடங்கியதும் யன்னலை மூடி, ஈரம் உறிஞ்சும் மெஷினைப் போட்டு, அறையின் ஈரப்பதன் 50 வீதத்துக்குக் கீழே நிற்கும்படி பார்க்க வேண்டும். மெஷினின் வாளியை ஊற்ற நித்திரையால் எழும்பாமல், குழாயைப் பூட்டித் தரை ஓட்டைக்குள் விட்டேன்.

கம்பளத்தை உரித்தபோது கீழே ஒன்பது அங்குலச் சதுரப் பழைய வினைல் ஓடுகள். பழைய வீட்டுக்காரர்கள் கவனம், அந்தக் காலத்து ஓட்டிலும் அதை ஒட்டிய கறுப்புப் பசையிலும் நுரையீரலைக் கெடுக்கும் நார்ப்பொருளான அஸ்பெஸ்டஸ் இருக்கலாம். சுரண்டாதீர்கள், உடைக்காதீர்கள், தேய்க்கும் மெஷின் பிடிக்காதீர்கள். ஆய்வுகூடத்துக்குக் கொடுத்துப் பார்த்தேன், ஒரு மாதிரிக்கு 75 டொலர், இருக்கிறது என்றுதான் முடிவு வந்தது. கழன்று நின்ற சிலவற்றை அதற்கென்று தெரிந்த ஆட்களைக் கொண்டு எடுத்தேன், மிச்சத்தைத் துடைத்து அப்படியே விட்டு மேலே புதுத் தரை போட்டேன். அதேபோல் தண்ணீருக்குள் நின்ற எரிவாயு ஃபர்னஸையும் ஹொட் வோட்டர் டாங்க்கையும் நீங்களே திரும்பப் பற்ற வைக்காதீர்கள். எரிவாயு வால்வுக்குள் தண்ணீர் போயிருந்தால் அது காய்ந்தாலும் நம்ப முடியாது, மாற்ற வேண்டும். உரிமம் உள்ள ஆள் வந்து பார்த்துச் சொல்லட்டும்.

சுவரெல்லாம் திறந்தபடி கிடக்கும்போதே ஓகஸ்ட் 17 வந்தது. சனிக்கிழமை, பியர்சனில் 128 மில்லிமீட்டர், ஜூலையைவிடக் கூட. திரும்பவும் அந்தக் குமுறல் சத்தம். இந்த முறை கணுக்கால் அளவு. கால் மரத்துப்போய்ப் படியில் நின்றேன், அழக்கூட வரவில்லை. ஆனால் தரையில் ஒன்றும் இல்லை, சுவரில் உறிஞ்ச ஒன்றும் இல்லை, வடிந்ததும் கழுவிக் கிருமிநாசினி அடித்து முடித்தேன். பக்கத்துத் தெருவில் அவசரமாகப் புதுச் சுவரும் புதுக் கம்பளமும் போட்டிருந்த ஒரு வீட்டில் எல்லாம் இரண்டாவது முறையாக வெளியே வந்து கிடந்தது.

அதனால் ஒழுங்கை மாற்றாதீர்கள்: முதலில் வால்வ், பிறகுதான் சுவரும் தரையும். பேக்வாட்டர் வால்வ் என்பது வீட்டிலிருந்து வெளியே போகும் கழிவுக் குழாயில் வைக்கிற ஒரு மடக்குக் கதவு. வெளியிலிருந்து தண்ணீர் திரும்பினால் அது மிதந்து எழும்பித் தானாக மூடிக்கொள்ளும். அதை வைக்கச் சீமெந்துத் தரையை உடைக்க வேண்டும், புதுத் தரை போட்ட பிறகு யாருக்கும் மனம் வராது. முதலில் குழாய்க்குள் கமரா விட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். எங்களுடைய மண் குழாய்க்குள் முன்வாசல் மேப்பிள் மரத்து வேர் பாதி அடைத்திருந்தது, அதையும் வெட்டி எடுத்தார்கள். வால்வுக்கு 2,600 டொலர் ஆனது. ரொறொன்ரோ நகரசபை அப்போது செலவில் 80 வீதம், வால்வுக்கு 1,250 டொலர் வரை, அத்திவாரக் குழியில் சேரும் தண்ணீரை வெளியே இறைக்கும் சம்ப் பம்புக்கு 1,750 வரை, பழைய அத்திவார வடிகாலைக் கழிவுக் குழாயிலிருந்து வெட்டி மூட 400 வரை திருப்பித் தந்தது. நகரசபை உரிமம் உள்ளவர் செய்திருக்க வேண்டும், கூரைப் பீலிக் குழாய் கழிவுக் குழாயோடு இணைந்திருக்கக் கூடாது, வேலை முடிந்து ஒரு வருடத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். எனக்கு 1,250 முழுவதும் வந்தது. தொகையும் விதியும் மாறும், வேலை தொடங்க முதல் 311இல் கேட்டுக்கொள்ளுங்கள். மற்ற நகரங்களிலும் இப்படித் திட்டங்கள் இருக்கின்றன.

எல்லாம் சேர்த்து துப்புரவு, சுவர், தரை, ஃபர்னஸ் வேலை, சாமான் என்று 31,000 டொலருக்கு மேல் போனது. காப்புறுதி தந்தது 15,000. மிச்சத்துக்கு வீட்டை ஈடு வைத்துத் தேவைக்கு எடுக்கும் வங்கிக் கடனிலிருந்து எடுத்தோம், இன்னும் கட்டுகிறோம். வேலைக்குப் போகாத நாட்களின் சம்பளம் இந்தக் கணக்கில் இல்லை. புதுப்பிக்கும் நேரம் வந்தபோது வால்வின் படமும் பிளம்பரின் ரசீதும் அனுப்பி, வரம்பை 40,000க்கு உயர்த்தச் சொன்னேன், மேலால் வரும் வெள்ளத்துக்கான சேர்ப்பும் எடுத்தேன். வருடத்துக்கு 380 டொலர் கூட, அதைக் கட்டும்போது எனக்கு வலிக்கவில்லை.

வால்வ் இருக்கிறது என்று சும்மா இருக்கவும் முடியாது. அதன் மூடிக்குள் கழிவு சிக்கினால் கதவு சரியாக மூடாது. ஒவ்வொரு இளவேனிலிலும், பிறகு இலை கொட்டி முடிந்ததும், மூடியைத் திறந்து டோர்ச் அடித்துப் பார்த்து, கையுறையோடு கதவைத் தூக்கி விட்டுச் சோதிக்கிறோம். கடும் மழையில் அது மூடியிருக்கும்போது வீட்டுத் தண்ணீரும் வெளியே போகாது, அதனால் மழை விடும் வரை குளிப்பு, உடுப்புத் தோய்ப்பு, டொய்லெட் ஒன்றும் இல்லை. இவருக்கும் மகளுக்கும் அதைச் சொல்லிக்கொடுத்து, பிரேக்கர் பெட்டிக் கதவிலும் எழுதி ஒட்டியிருக்கிறேன்.